சில்லறை

வாய்தா விழுகிற நாள்களில்
நேரே வீட்டுக்குப் போவதில்லை நான்.
மஞ்சக்குப்பத்தில் பஸ் ஏறி
கெடிலம் பாலம் தாண்டி
திருப்பாப்புலியூரில் இறங்கினால்
எந்தப் படமானாலும் மேட்னி.

பதினோரு வருஷத்தில் முப்பத்தெட்டு வாய்தா.
பழிவாங்கும் படங்கள் மட்டும் இருபத்திமூன்று.
டிக்கெட்டின் பாதிகள்
கேஸ் கட்டுக்குள்ளேயே கிடக்கின்றன,
பிரேதப் பரிசோதனை நகலுக்கும்
வக்கீல் ஃபீஸ் ரசீதுக்கும் நடுவில்.
ஆகவே சொல்லலாம் நான்.

அடி பெரிய விஷயமில்லை.
அடிக்குமுன் கதாநாயகன்
கைக்கடிகாரத்தைக் கழற்றிவிட்டு
எங்கே வைப்பது என்று ஒரு நொடி திணறினால்
படம் தேறும்.
நாற்பது பேர் பறந்து விழுந்தால்
கொட்டாவி விடுவேன்.
ஒரே ஒருத்தன் விழுந்து
எழுந்திருக்கப் பார்த்து
முதலில் செருப்பைத் தேடினால்
நிமிர்ந்து உட்காருவேன்.

சாகப்போகிறவனை
பாட்டில் சிரிக்கவைத்துக் காட்டும் படம் ஆகாது.
யார் அப்படிச் சிரித்தார்கள்?
தணிகாசலம் என்னிடம் கடைசியாகச் சொன்னது
"சார்ஜர எங்கடி வச்ச."
இப்படி ஒரு வரியோடு ஒருவனைச் சாகவிட
இருபத்திமூன்று டைரக்டர்களில்
ஒருத்தருக்கும் மனசு வரவில்லை.

வில்லனுக்குக் கண் சிவந்திருக்கக் கூடாது.
இதை நான் போன செவ்வாய்க்கிழமை கற்றுக்கொண்டேன்.

மூன்று வரிசை முன்னால் பரமானந்தம்.
முதுநகரில் ஐஸ் கம்பெனி.
அன்று வேனை ஓட்டியவர்.
மறுநாள், ஓட்டியது இவன்தான் என்று
பார் உடைக்கும் பையன் ஒருவனை
ஸ்டேஷனில் கொண்டுபோய் நிறுத்தியவர்.
எதிர்மனுதாரருக்கு நூற்றிரண்டு டிகிரி காய்ச்சல் என்று
அன்று காலையில்தான்
அவர் வக்கீல் வாய்தா வாங்கியிருந்தார்.

காய்ச்சல்காரர் மடியில் பேரன்.
பேரன் மடியில் பாப்கார்ன்.

திரையில் கதாநாயகனின் தம்பியை
லாரி ஏற்றிக் கொன்றார்கள்.
துண்டால் கண்ணைத் துடைத்தார் பரமானந்தம்.
சத்தியமாக.
தோள் குலுங்கியதை நான் பார்த்தேன்.
அரிவாள் உறையிலிருந்து வந்தபோது
இரண்டு விரலை வாயில் வைத்து
அரங்கிலேயே நீளமான விசில் அவருடையதுதான்.
"விடாதடா அவன!"

யாரைச் சொல்கிறார் என்று
அவருக்குத் தெரியாது.
இருட்டில் எல்லோரும்
வெட்டுகிற கையாகத்தான் உட்கார்ந்திருக்கிறோம்.
வெட்டுப்படுகிறவனுக்கு டிக்கெட் விற்பதேயில்லை.

இடைவேளை. பப்ஸ் வரிசை.
திரும்பிப் பார்த்து என்னிடம் கேட்டார்:
"நூறு ரூபாய்க்குச் சில்லறை இருக்காம்மா?"

பதினோரு வருஷமும் வக்கீலையே அனுப்பியவர்.
என் முகம் அவருக்குத் தெரியாது.
படங்களில் இது நடக்காது;
படத்தில் வில்லனுக்கு எல்லாம் ஞாபகம் இருக்கும்,
எங்கே, எந்த மழை ராத்திரி, என்ன சட்டை.
மறந்துபோனவனை எப்படி அடிப்பது என்று
எந்த ஸ்டன்ட் மாஸ்டரும் யோசித்ததில்லை.

பர்ஸில் ஐந்து இருபது இருந்தது.
இல்லை என்றேன்.

"பரவால்லம்மா" என்றார்.
பேரனுக்குப் பப்ஸ் கிடைக்கவில்லை.
அவன் அழுதான்.
அது எனக்கு நன்றாக இல்லை,
அதையும் சொல்லிவிட வேண்டும்.

கிளைமாக்ஸில் வில்லன் கேட்டான்: "யார்ரா நீ?"
கதாநாயகன் தம்பியின் பெயரைச் சொன்னான்.
நானும் சொன்னேன்.
விசிலில் எனக்கே கேட்கவில்லை.

வெளியே வெயில் இன்னும் இறங்கவில்லை.
கண்டக்டர் சில்லறை கேட்டார்.
எடுத்து நீட்டினேன்.
அடுத்த வாய்தா ஐப்பசி இருபது;
புயல் வந்தால்
அதுவும் தள்ளிப்போகும்.